ஒரு பானை கருக்கல்

வரிசையில் எனக்கு முன்னால் இருபத்து மூன்று பானைகள். இப்போதுதான் எண்ணினேன், ஆனாலும் மறுபடி எண்ணுகிறேன், இருபத்து மூன்று, இல்லை, இருபத்து நான்கு, வேப்பமரத்துக்குப் பின்னால் யாரோ ஒரு பானையை நடுவில் நுழைத்துவிட்டார்கள், முப்பிடாதியாகத்தான் இருக்கும், அவள் பானை கழுத்தில் சிவப்புக் கயிறு கட்டியிருப்பாள், இங்கிருந்து கயிறு தெரியவில்லை, போய்ப் பார்க்கலாம் என்றால் என் இடம் போய்விடும், பிள்ளை வேறு நெஞ்சோடு கட்டியிருக்கிறது, அசைந்தால் விழித்துக்கொள்ளும். லாரியைக் காணோம். சங்கு ஊதி எவ்வளவோ நேரமாகிவிட்டது. சங்கு ஊதினால் ஒரு நாள் முடிந்தது என்று கணக்கு, மற்றபடி எங்கள் ஊரில் நாளுக்கும் நாளுக்கும் நடுவில் ஒன்றும் கிடையாது, சூரியன் உச்சிக்குக் கொஞ்சம் தெற்கே ஆணியில் மாட்டி வைத்தது போல நிற்கிறது, என் அம்மா பிறந்தபோதும் அங்கேதான் நின்றதாம். வெளிச்சத்துக்குப் பஞ்சமில்லை, கருக்கலுக்குத்தான், இருட்டுக்குத்தான் பஞ்சம். மேற்கு மலையில் கசம் என்கிற ஆழக்குழிகளிலிருந்து இரும்பு உருளைகளில் இறைத்து, லாரியில் ஏற்றி, வாரத்துக்கு மூன்று முறை தெருத்தெருவாகக் கொண்டுவந்து ஊற்றுகிறார்கள். ஓர் ஆளின் ஒரு தூக்கத்துக்கு ஒரு பானை கருக்கல். கதவு தவிர வேறு திறப்பு இல்லாத அறைக்குள் போய், கதவிடுக்கில் பழஞ்சேலையை அடைத்துக்கொண்டு, பானையின் மூடியை எடுத்தால் அது மெல்ல எழுந்து அறை முழுக்க நிரம்பும், பிறகுதான் தூக்கம். கதவை அடைத்தால் மட்டும் போதாது, அடைத்த அறைக்குள்ளும் வெளிச்சம் நிற்கும். கண்ணை மூடினால் என்ன கிடைக்கிறது, சிவப்பு. துணியைக் கட்டிக்கொண்டால் அடர்ந்த சிவப்பு. மரத்து நிழலில் படுத்தால் உடம்பு அயரும், தலைக்குள் வெயில் அடித்துக்கொண்டே இருக்கும். என் மகள் உலகு ஆறு நாளாகத் தலைக்குள் வெயிலோடு உட்கார்ந்திருக்கிறாள். அவள் இந்தப் பிள்ளையைப் பெற்றுப் பன்னிரண்டு நாள் ஆகிறது. முந்தின சங்குக்கு வந்த நர்சம்மா அவள் கண்ணை விரித்துப் பார்த்துவிட்டு என்னைத் தனியே கூப்பிட்டு, ஒரு முழுத் தூக்கம் வேண்டும், நடுவில் கலையாத தூக்கம், இன்றைக்கும் தூங்கவில்லையென்றால் மலை ஆஸ்பத்திரிக்கு எழுதித் தந்துவிடுவேன், பிள்ளையை அங்கே சேர்க்கமாட்டார்கள் என்றார். எத்தனை நாளைக்கு என்று கேட்டேன். அதை அவர்கள்தான் சொல்ல வேண்டும் என்றார். அதை அவர்கள்தான் சொல்ல வேண்டும். எல்லாவற்றையும் வேறு யாரோதான் சொல்ல வேண்டியிருக்கிறது.

வெயில் கழுத்தில் விழுகிறது, பிள்ளையின் தலையைச் சேலையால் மூடுகிறேன், மூடிவிட்டு மூச்சு வருகிறதா என்று விரலை வைத்துப் பார்க்கிறேன், வருகிறது. கொஞ்ச நேரம் கழித்து மறுபடி வைக்கிறேன். பிள்ளையை வீட்டில் விட்டு வந்திருக்கலாம், ஆனால் நேற்று உலகு கூடையைக் காட்டி, இது யாரு பிள்ளைம்மா, இன்னும் வந்து எடுத்துட்டுப் போகலையே என்றாள். சிரிக்கிறாளோ என்று பார்த்தேன், சிரிக்கவில்லை. அப்புறம் எப்படி விட்டுவிட்டு வருவது. சின்னப் பிள்ளைகளுக்கு நாற்பது நாள்வரை கருக்கல் வேண்டாம், வெளிச்சத்திலேயே தூங்கிக்கொள்ளும் என்கிறார்கள். இப்போது என்கிறார்கள். அப்போது அப்படிச் சொல்ல ஆள் இல்லை. அதை நினைக்கக் கூடாது. லாரி வருகிற சத்தமா அது, இல்லை, மாவு மில். கருக்கலைப் பற்றி நான் படித்தது ஒரே ஒரு வரி. கருக்கலின் துகளுக்கு இருள்மணி என்று பேர், அந்தப் பாடம் எட்டாம் வகுப்பில் வரும், நான் ஏழோடு நின்றவள். வரிசையில் நிற்க வீட்டுக்கு ஓர் ஆள் வேண்டும், அண்ணன் படிக்கட்டும், இவ நிக்கட்டும் என்று அப்பா சொன்னார், அன்றைக்கு வந்து நின்றவள்தான், முப்பத்தேழு வருஷமாக நிற்கிறேன், மற்றவர்கள் தூங்குவதற்காக. அண்ணனுடைய எட்டாம் வகுப்புப் புத்தகத்தைத் திருட்டுத்தனமாக எடுத்துப் பார்த்தேன். ஒரு வட்டம், நடுவில் ஒரு கறுப்புப் புள்ளி, சுற்றிலுமிருந்து அம்புகள் புள்ளியைப் பார்த்து வருகின்றன. அடியில் எழுதியிருந்தது: ஓர் இருள்மணி ஒரு முறைதான் உண்ணும். அவ்வளவுதான் படிக்க முடிந்தது, அண்ணன் பிடுங்கிக்கொண்டான், ஒனக்கு எதுக்குட்டி இது என்றான். எதை உண்ணும் என்று அதில் போட்டிருந்ததா, எனக்குத் தெரியாது. நானாக யோசித்து யோசித்து, மனுஷருடைய அலுப்பைத்தான் உண்ணும் என்று முடிவு செய்துகொண்டேன். வேறு என்னத்தை உண்ணும். அறைக்குள் ஆள் போகிறார், அலுப்போடு போகிறார், வெளியே வரும்போது அலுப்பு இல்லை, கருக்கலும் இல்லை. சரியாகத்தானே இருக்கிறது. ஒரு மணி ஒருவருடைய அலுப்பில் ஒரு துளியைத் தின்றுவிட்டு அதோடு முடிந்துபோகிறது. பானைக்குள் எத்தனை லட்சம் மணி இருக்கும், கண்ணுக்குத் தெரியாத அத்தனையும் எங்களுக்காகப் பட்டினி கிடந்து காத்திருக்கிறது என்று நினைத்துக்கொள்வேன், அப்படி நினைக்கிறபோது பானையின் மேல் ஒரு பிரியம்கூட வரும். உலகிடம் இதையெல்லாம் கேட்டதில்லை. அவள் பத்துவரை படித்தவள். கேட்டால் சிரிப்பாள் என்று கேட்கவில்லை.

"என்ன மதினி, இன்னைக்கும் ரெண்டு பானையோட நிக்கிய?" என்கிறது ஒரு குரல், முப்பிடாதிதான், நுழைத்த பானையருகே கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறாள். "ஒரு பானைதாம்ட்டி. பெத்த வீட்டுக்குக் கூட ஒண்ணு உண்டுன்னு சட்டம் இருக்கு, சீட்டுதான் இன்னும் வரல. சீட்டு வந்தா ஊத்துவாம்லான்னு இன்னொண்ணையும் எடுத்தாந்தேன்" என்கிறேன். "ஊத்தி என்ன பண்ண, ஒங்க வீடுதான் கருக்கலைக் குடிக்கிற வீடாச்சே" என்கிறாள் அவள், பின்னால் ரெண்டு பேர் சிரிக்கிறார்கள். குடிக்கிற வீடு. இந்தப் பேச்சு இன்றைக்கு நேற்றையதா. என் வீட்டில் மட்டும் ஒரு பானைக் கருக்கல் பாதித் தூக்கத்துக்குத்தான் வரும். சுவரை மெழுகிப் பார்த்தேன், கதவை மாற்றினேன், பானையை மாற்றினேன், குயவரிடம் சண்டை, லாரிக்காரனிடம் சண்டை, அளவு குறைக்கிறான் என்று ஆபீசில் போய் எழுதிக் கொடுத்துவிட்டும் வந்தேன். அவர் இருந்த காலத்தில், அவர் என்றால் என் வீட்டுக்காரர் பிச்சையா, சாகவில்லை, மலையில்தான் இருக்கிறார், பாதித் தூக்கத்தில் எழுந்து வந்து வாசல்படியில் உட்கார்ந்துகொண்டு, இன்னைக்கும் விடிஞ்சிருச்சு வடிவு என்பார். கோபமாகச் சொன்னால்கூடப் பரவாயில்லை, யாரோ இறந்துபோனதைச் சொல்வது போலச் சொல்வார். பிறகு கசத்தில் உருளை இறைக்கிற வேலைக்குப் போய்விட்டார். அங்கே இரும்புக் கூண்டில் இறக்கி விடுகிறார்களாம், சுற்றிலும் கருக்கல், வேண்டிய மட்டும் தூங்கலாமாம். வருஷத்துக்கு ஒரு தடவை வருகிறார், கன்னம் உப்பி, கண் தெளிந்து, மாப்பிள்ளை மாதிரி வருகிறார், மூன்று நாளில் முகம் சுண்டித் திரும்பிப் போய்விடுகிறார். என் வீட்டில் தூங்க முடியாமல் ஓடிப்போன மனுஷன். முப்பிடாதிக்கு என்ன தெரியும். "நீ ஒம் பானையை எங்கேருந்து எடுத்து எங்க வச்சேன்னு எனக்குத் தெரியும், ரொம்பப் பேசாத" என்கிறேன். "பாத்திகளா, கண்ணு மட்டும் நல்லாத் தெரியுது மதினிக்கு" என்கிறாள். பிள்ளை நெளிகிறது. வாயை மூடிக்கொள்கிறேன், எனக்கென்ன சண்டையா முக்கியம். ஆறு நாள். எனக்குக்கூட உள்ளங்கால் எரிகிறது, நான் எப்போது தூங்கினேன் என்று ஞாபகமில்லை, ஆனால் நான் தூங்காவிட்டால் யாரும் எங்கேயும் எழுதித் தரப்போவதில்லை.

லாரி வந்துவிட்டது. எல்லாப் பானைகளும் ஒரே நேரத்தில் நகர்கின்றன, ஓட்டுநர் இருக்கையிலிருந்து ஆவுடையப்பன் குதித்து இறங்கித் தோல்குழாயை அவிழ்க்கிறான். குழாயைப் பானை வாயில் செருகி, இடுக்கில் ஈரத்துணியைச் சுற்றி, மூச்சு விடுகிற மாதிரி ஒரு சத்தத்தோடு ஊற்றுகிறான், ஊற்றுகிறபோது பானை சில்லென்று ஆகும், அந்தச் சில்லிப்பை வைத்தே எவ்வளவு ஏறியிருக்கிறது என்று சில பெண்கள் சொல்லிவிடுவார்கள், எனக்கு அது வராது, எனக்குக் கண்ணால் பார்க்க வேண்டும். என் முறை வருகிறது. சீட்டு இல்லையா, அப்ப ஒண்ணுதான் யக்கா என்கிறான், எதிர்பார்த்ததுதான். ஊற்றி முடித்து மூடியை வைத்துத் துணியைச் சுற்றிக் கொடுக்கிறான். நான் ஓரமாகப் போய் உட்கார்ந்து, பிள்ளையை ஒரு கையால் அணைத்துக்கொண்டு, மூடியை ஒரு விரல் நுழைகிற அளவுக்கு மட்டும் தூக்கிப் பார்க்கிறேன். எப்போதும் அப்படித்தான். கருக்கல் கனமானது, மூடியை முழுசாக எடுக்கிறவரை அடியில் கிடக்கும், சாய்த்தால்தான் வழியும், ஒரு விரல் தூக்கினால் ஒன்றும் ஆகாது. லாரியடியில் ஒரு தடவை, பாதி வழியில் ஒரு தடவை, வீட்டு வாசலில் ஒரு தடவை பார்ப்பேன், குறைந்திருக்கிறதா என்று. வீட்டில் யாராவது தூங்கும்போதும் அப்படித்தான், கீழே வழிந்துவிடாமல் காலை அணையாக வைத்துக்கொண்டு கதவை ஒரு கீற்று திறந்து பார்த்துவிட்டு உடனே மூடிவிடுவேன். "யக்கா!" என்று ஆவுடையப்பன் கத்துகிறான். தோல்குழாயைப் போட்டுவிட்டு வந்து என் கையைத் தட்டி மூடியை அழுத்துகிறான். "என்ன செய்யுதிய? ஒங்களுக்கு அளவு குறைக்கேன்னு எம் மேல எழுதிப் போட்டிய. இப்படித்தான் எப்பவும் தொறந்து பாப்பியளா?" "ஒரு விரக்கடைதானப்பா தூக்குனேன், சாய்க்கவே இல்லையே, எப்படி வழியும்?" என்கிறேன். அவன் வரிசையைத் திரும்பிப் பார்க்கிறான், பிறகு என்னைப் பார்க்கிறான், அவன் முகத்தில் கோபம் போய்விட்டது, அதுதான் எனக்கு என்னமோ செய்கிறது. "வெளியே வழியிறது இல்ல யக்கா. வெளிச்சம் உள்ள போகுதுல்லா. ஒரு மணி ஒரு வாய் வெளிச்சத்தைத் திங்கும், அதோட தீந்துது. நீங்க மூடியைத் தூக்குன நேரத்துக்குக் கால் பானை போயிருக்கும். எட்டாங்கிளாஸ்லயே சொல்லித் தருவாகளே." முப்பிடாதிதான் முதலில் சிரிக்கிறாள். பிறகு எல்லோரும். "எழுதிப் போட்டாகளாம்ல, எழுதி!" என்று ஒருத்தி கையைத் தட்டுகிறாள். நான் இரண்டாம் பானையை அங்கேயே விட்டுவிட்டு, இதை இடுப்பில் தூக்கி வைத்துக்கொண்டு நடக்கிறேன், வேகமாக நடக்க முடியவில்லை.

வெளிச்சத்தை. அலுப்பை இல்லை, வெளிச்சத்தை. அம்புகள் அதுதானா. நாலா பக்கமிருந்தும் புள்ளியைப் பார்த்து வந்த அம்புகள் வெளிச்சமா. அதை நான் எத்தனை தடவை நினைத்துப் பார்த்திருக்கிறேன், அம்பு ஒவ்வொன்றும் ஒரு மனுஷர் என்றல்லவா நினைத்தேன், களைத்துப்போய் நாலு பக்கமிருந்தும் வருகிற மனுஷர்கள். வெளிச்சம் இத்தனை கிடக்கிறதே, சும்மா கிடப்பதை யாராவது உணவு என்று நினைப்பார்களா. ஒரு வரி. இன்னும் ஒரு வரி படித்திருந்தால் போதும். ஒரு மாதம் பொறுத்து நிறுத்தியிருந்தால்கூட அந்தப் பாடம் முடிந்திருக்கும். முப்பத்தேழு வருஷம், ஒரு பானைக்கு மூன்று தடவை, அது போக இருபத்தாறு வருஷமாகக் கதவு. என் வீடு குடிக்கவில்லை, நான்தான். அவர் வாசல்படியில் உட்கார்ந்து விடிஞ்சிருச்சு வடிவு என்றாரே, விடியவைத்தது நான்தான். காலை அணை வைத்தேனாம் காலை. கீழே வழிகிறதாம். என் கால் விரல்களைப் பார்க்கவே எரிச்சலாக வருகிறது. உலகு சொல்லியிருக்கிறாள், தொறக்காதம்மா தொறக்காதம்மா என்று சொல்லியிருக்கிறாள், ஆனால் அவள் எல்லாவற்றுக்கும் அப்படித்தான், பேசாதம்மா, தொடாதம்மா, கேக்காதம்மா, இதில் எது காரணத்தோடு சொன்னது என்று நான் எப்படிக் கண்டேன். ஆறு நாளைக்கு முன்னால் அவள் நன்றாகத் தூங்கப் போனாள். சத்தமே இல்லை. சத்தமே இல்லாமல் இருந்தது, அதனால்தான் திறந்தேன். ஒரு கீற்றுதான் திறந்தேன். ஏன் தொறந்த, ஏன் தொறந்த என்று அலறிக்கொண்டு எழுந்தவள் அதற்குப் பிறகு படுக்கவே இல்லை, படுத்தால் நீ தொறந்துருவ என்கிறாள். சத்தம் இல்லாவிட்டால் நான் எப்படித் திறக்காமல் இருப்பேன். என் மூத்த மகனுக்கு நான் திறக்கவில்லை. இருபது நாள் பிள்ளை, நல்ல கருக்கலாக வந்தது அன்றைக்கு, கெட்டியான கருக்கல், புதுப்பானை, பிள்ளையைக் கிடத்தி, மூடியை எடுத்துவிட்டு, சட்டென்று வெளியே வந்து பழஞ்சேலையை ஒரு இண்டு இடுக்கு விடாமல் அடைத்தேன். பிள்ளை அழவே இல்லை. எவ்வளவு நல்லாத் தூங்குது பாருங்க என்று அவரிடம் பெருமையாகச் சொன்னேன், நானும் வாசலில் சாய்ந்து அயர்ந்துவிட்டேன், சங்கு ஊதித்தான் விழித்தேன், சங்குக்குப் பிறகும் ஒரு நாழிகை பொறுத்தேன், தூங்கட்டும் என்று. திறந்தபோது குளிர்ந்து கிடந்தான். இருபத்தாறு வருஷம். அதற்குப் பிறகு நான் எதையும் மூடி வைத்துவிட்டுப் போனதில்லை. இதை ஆவுடையப்பனிடம் சொல்ல முடியுமா, வரிசையில் சொல்ல முடியுமா. கை மூடிக்குப் போகிறது. இந்த இடத்தில்தான் பாதி வழிப் பார்வை, மாவு மில் வாசல், கைக்குப் பழக்கம். எவ்வளவு மிச்சமிருக்கிறது என்று தெரிய வேண்டும். கால் பானை போயிருக்கும் என்றான், கால் என்றால் காலா, அரையா, இதை வைத்து ஒரு முழுத் தூக்கம் வருமா, தெரிய வேண்டாமா எனக்கு. தெரிய வேண்டுமென்றால் திறக்க வேண்டும். திறந்தால் குறையும். குறைந்ததா என்று தெரிய மறுபடி திறக்க வேண்டும். கையைப் பிள்ளையின் முதுகில் வைத்துக்கொள்கிறேன். பானையின் வயிற்றைக் கன்னத்தில் வைத்துப் பார்க்கிறேன், சில்லென்றுதான் இருக்கிறது, எவ்வளவு சில் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

உலகு நான் விட்டுப் போன இடத்திலேயே இருக்கிறாள், சுவரைப் பார்த்து, முழங்காலைக் கட்டிக்கொண்டு. கண் இரண்டும் காய்ந்த புண் போலச் சிவந்திருக்கிறது. "கருக்கல் வந்திருக்கு தாயி. பிள்ளைக்கு ஒரு வாய் குடுத்துட்டுப் போய்ப் படு" என்கிறேன். பிள்ளையை வாங்கி மடியில் போட்டுக்கொள்கிறாள், யாரோ கொடுத்த மூட்டையை வைத்திருப்பது போல வைத்திருக்கிறாள், பிள்ளை தானாகத் தேடிப் பிடித்து நாலு மிடறு குடிக்கிறது, அதற்குள், போதும், எடு, எடு என்கிறாள், எடுத்துவிடுகிறேன். நானும் கூடவே இருப்பதா என்று கேட்கிறேன். நீ உள்ள வேண்டாம் என்கிறாள். பிறகு என் முகத்தை முதல் தடவையாகப் பார்க்கிறாள். "எம்மா, நீ தொறப்பியா?" இத்தனை வருஷமாகத் தெரியாமல் செய்துவிட்டேன் என்று சொல்லவா, இருள்மணி எதை உண்ணும் என்று இப்போதுதான் ஒருத்தன் தெருவில் வைத்துச் சொன்னான் என்று சொல்லவா. "மாட்டேன்" என்கிறேன். "தொறப்ப" என்கிறாள். "மாட்டேன்ட்டி, போ." நம்பவில்லை. அவள் எழுந்து பானையைத் தூக்கிக்கொண்டு உள்ளே போகிறாள், நடையில் சுவரைத் தொட்டுத் தொட்டுப் போகிறாள், கதவைச் சாத்துகிறாள். உள்ளிருந்து அவள் சேலையை அடைக்கிறாள், வெளியிலிருந்து நான் அடைக்கிறேன், சாவித் துவாரத்தில் மாவுப் பசையை அப்புகிறேன், மேல் இடுக்கில், கீழ் இடுக்கில், இனி ஒரு மயிரளவு இடமில்லை. மூடியைத் தரையில் வைக்கிற சத்தம் கேட்கிறது. பாய் சரசரக்கிறது. பிறகு ஒன்றும் இல்லை.

ஒன்றும் இல்லை என்பதுதான் எனக்கு ஆகாது. கதவை ஒட்டிச் சம்மணமிட்டு உட்கார்ந்து காதை மரத்தில் வைக்கிறேன். மரத்துக்குள் ஏதோ பூச்சி அரிக்கிற சத்தம், இல்லை, அது என் பல். உள்ளே இப்போது இருள்மணிகள் எழும்பியிருக்கும், சுவரெல்லாம், மோட்டெல்லாம், அவள் இமையின் மேல், வாய்க்குள்கூடப் போகுமோ, மூச்சில் போனால் என்ன ஆகும், அதையும் எட்டாம் வகுப்பில் சொல்லியிருப்பார்களோ. அரைப் பானை என்றால் இந்நேரம் மெலிந்திருக்கும். மெலிந்தால் விழித்திருப்பாள். விழித்தால் கூப்பிட்டிருப்பாள். கூப்பிடவில்லையே, அப்படியென்றால் தூங்குகிறாள். இல்லை, கூப்பிட முடியாமல் கிடக்கிறாள். பன்னிரண்டு நாள் உடம்பு, உதிரம் இன்னும் நிற்கவில்லை, எழுந்து நிற்கும்போது தள்ளாடினாளே, உள்ளே விழுந்திருந்தால் சத்தம் கேட்டிருக்கும், பாயில் விழுந்திருந்தால் கேட்டிருக்காது. தாழ்ப்பாளில் கை இருக்கிறது. எப்போது போய் அங்கே உட்கார்ந்ததோ. எடுத்து மடியில் வைக்கிறேன், மறுபடி அங்கேயே போகிறது. ஒரு கீற்று. கீற்றுக்கும் கீற்று. அவள் மார்பு ஏறி இறங்குகிறதா என்று மட்டும். அன்றைக்கு ஒரு கீற்று திறந்திருந்தால் மூத்தவன் இருந்திருப்பானோ, அதற்கு எவரும் இதுவரை எனக்குப் பதில் சொல்லவில்லை, கருக்கலால் போகவில்லை, அவன் நேரம் அப்படி என்றார்கள், நேரம் என்பது எந்தப் புத்தகத்தில் இருக்கிறது. இப்போது பிள்ளை அழ ஆரம்பிக்கிறது. நாலு மிடறு எத்தனை நேரம் தாங்கும். சீனித் தண்ணீரில் விரலை நனைத்து வாயில் வைக்கிறேன், சப்பிப் பார்த்துவிட்டு, ஏமாற்றுகிறாயா என்பது போல முகம் கோணி, முன்னிலும் பலமாக அழுகிறது. தோளில் போட்டுத் தட்டுகிறேன், நடக்கிறேன், ஊஞ்சலாட்டுகிறேன். அழுகை கதவைத் துளைக்கிற மாதிரி இருக்கிறது. பிள்ளைக்குப் பால் கதவுக்கு அந்தப் பக்கம் இருக்கிறது. இப்போது திறந்தால் யாரும் என்னைக் குறை சொல்லமாட்டார்கள். பசித்த பிள்ளை, தாய்ப்பால், திறக்காமல் என்ன செய்வாள் என்பார்கள். எவ்வளவு நல்ல காரணம். இவ்வளவு நல்ல காரணம் எனக்கு எப்போதும் கிடைத்ததில்லை. திறந்து, உலகின் முகத்தைப் பார்த்து, மூச்சைப் பார்த்து, பிள்ளையை அவள் பக்கத்தில் கிடத்தி, அந்த ஒரு நிமிஷத்தில் அத்தனை மணியும் வயிறு முட்டத் தின்று செத்துப்போகும், அவள் கண் விழிப்பாள், விழித்து என்ன சொல்வாள் என்று எனக்குத் தெரியும். தாழ்ப்பாளிலிருந்து கையை எடுக்கிறேன். எடுத்த கை என்னுடையது மாதிரி இல்லை. பிள்ளையை வாரிக்கொண்டு செருப்பில்லாமல் வாசலைத் தாண்டுகிறேன், தாண்டும்போது முதுகு முழுக்கக் காதாக இருக்கிறது.

வரிசை இன்னும் கலையவில்லை. முதல் லாரி தீர்ந்து இரண்டாவது லாரிக்காக நிற்கிறார்கள், வெயிலில் பானை வாய்களை எல்லாம் கவிழ்த்து வைத்திருக்கிறார்கள். என்னைப் பார்த்ததும் ஒருத்தி, "வந்துட்டாகய்யா, அளவு குறையுதுன்னு இப்ப யார் மேல எழுதப் போறாகளோ" என்கிறாள். எல்லோரும் சிரிக்க வாயெடுக்கிறார்கள், பிள்ளையின் அழுகை அதை அமுக்கிவிடுகிறது. நான் நடுத்தெருவில் நிற்கிறேன். கேட்க வேண்டும். முப்பத்தேழு வருஷமாக இந்த வரிசையில் யாரிடமும் ஒன்றும் கேட்டதில்லை, என் இடத்தைப் பார்த்துக்கோ என்றுகூடச் சொன்னதில்லை, சொன்னால் திருப்பிக் கேட்பார்கள் என்று. "பால் குடுக்கிறவ யாராவது இருக்கியளா" என்கிறேன், சத்தம் வரவில்லை, மறுபடி சொல்கிறேன், இப்போது கத்தலாக வருகிறது. "உலகு உள்ள படுத்திருக்கா. ஆறு நாளைக்குப் பெறகு படுத்திருக்கா. நான் தொறக்கமாட்டேன்." தன் பானை நிரம்பியும் பேச்சுக்காக நின்றுகொண்டிருக்கிற முப்பிடாதி என் கால்களைப் பார்க்கிறாள், செருப்பில்லாத கால்களை, பிறகு என் முகத்தை. "இப்பத்தான் எங்க முகமெல்லாம் தெரியுதாக்கும் மதினிக்கு" என்கிறாள், சொல்லிக்கொண்டே பின்னால் திரும்பி, "ஏ தெய்வானை, நீ பெத்து மூணு மாசம் ஆச்சுல்லா, வா இங்க, வெக்கப்படாத, பானையைப் போட்டுட்டு வா" என்று கூப்பிடுகிறாள். வரிசையின் கடைசியிலிருந்து ஒரு பெண் வருகிறாள், உலகின் வயசுதான் இருக்கும், இந்தத் தெருவுக்கு வந்து ஒரு வருஷம்கூட இருக்காது, நான் அவளிடம் ஒரு வார்த்தை பேசியதில்லை. "எங்க பானை இருக்குல்லா அக்கா, யாராவது பின்னால நவட்டிருவாக" என்று தயங்குகிறாள். "நான் பிடிச்சுக்கிடுதேன் தாயி, நீ பிள்ளையைப் பிடி" என்கிறேன். பிள்ளையை வாங்கிக்கொண்டு வேம்படியில் உட்கார்ந்து முந்தானையை இழுத்து விடுகிறாள். அழுகை ஒரு தடவை உரக்க எழும்பி, சட்டென்று நின்றுபோகிறது. நான் கடைசியில் போய் அவளுடைய வெறும் பானையின் பக்கத்தில் நிற்கிறேன். இங்கிருந்து என் வீட்டு வாசல் தெரிகிறது, உள்கதவு தெரியாது. அந்தக் கதவுக்குப் பின்னால் உலகு தூங்குகிறாளா என்று எனக்குத் தெரியாது. கருக்கல் மிச்சம் இருக்கிறதா என்று தெரியாது. மூச்சு வருகிறதா என்று தெரியாது. ஓடிப்போய்ப் பார்த்துவிட்டு வர எத்தனை எட்டு இருக்கும் என்று கண் தானாக அளக்கிறது, அறுபது, அறுபத்தைந்து. தூரத்தில் இரண்டாவது லாரியின் இரைச்சல் கேட்கிறது. "யாரு யக்கா அது, பானையை முன்ன நவட்டுங்க" என்று யாரோ சொல்கிறார்கள். பானையைத் தூக்கி ஓர் அடி முன்னால் வைக்கிறேன்.